ஸ்டென்ட் வைத்தவரை ‘மெடிக்கல் அன்ஃபிட்’ என்று வேலையிலிருந்து நிறுத்திவிட்டார்கள்: எங்கே போவது?

மலர்_கோவை | 8 செப்டம்பர் 2025

வணக்கங்க. கொஞ்சம் நீளமா எழுதறேன், பொறுத்துக்கோங்க.

என் வீட்டுக்காரர் கோயமுத்தூர்ல ஒரு பவுண்டரில மோல்டிங் செக்‌ஷன். 11 வருச சர்வீஸ், பர்மனென்ட். வயசு 43. மே 12-ந் தேதி நைட் ஷிஃப்ட் முடிச்சு வந்தவருக்கு நெஞ்சு வலி. இ.எஸ்.ஐ.ல (தொழிலாளர் காப்பீட்டு ஆஸ்பத்திரி) காமிச்சு, அங்கிருந்து ரெஃபர் பண்ணி ஸ்டென்ட் வெச்சாங்க. ஆகஸ்ட் 10 வரைக்கும் இ.எஸ்.ஐ. சர்டிபிகேட் இருக்குது. எல்லாத்தையும் கம்பெனில குடுத்துட்டோம்.

ஜூலைல ஹெச்.ஆர். கூப்புட்டு, “ரிசைன் லெட்டர் எழுதிக் குடுங்க, கணக்கோட சேர்த்து 2 லட்சம் தர்றோம்”னு சொன்னாங்க. இவரு மாட்டேன்னுட்டாரு. ஆகஸ்ட் 11 வேலைக்குப் போனா கேட்டுலயே நிறுத்திட்டாங்க. அடுத்த நாள் தபால்ல லெட்டர் வருது. அதுல உள்ளது அப்படியே: “மருத்துவ ரீதியாகத் தாங்கள் பணிக்குத் தகுதியற்றவர் எனத் தெரியவந்துள்ளதால் 04-08-2025 முதல் பணியிலிருந்து விடுவிக்கப்படுகிறீர்கள்.”

கம்பெனி டாக்டர் இவரைப் பார்த்ததே ஒரு தடவை, ஜூலைல. பி.பி. பார்த்தாரு, ஈ.சி.ஜி. எடுத்தாரு, அவ்வளவுதான். எங்க கார்டியாலஜிஸ்ட் எழுதுனது “பிட் ஃபார் லைட் ஒர்க்”. அந்த வரியையே புடிச்சுட்டு, “பவுண்டரில லைட் ஒர்க்னு ஒண்ணு கிடையாது”ங்கறாங்க.

இப்படிப் பண்ண முடியுமாங்க? நஷ்டஈடு உண்டா? பெரிய பையன் பத்தாவது, சின்னவ ஆறாவது. யாராச்சும் விவரம் தெரிஞ்சவங்க சொல்லுங்க.

நட்டு_திருப்பூர் | 8 செப்டம்பர்

அக்கா, மனசுல பட்டதைச் சொல்றேன். 2 லட்சத்தை வாங்கிட்டு வேற வேலை பாருங்க. லேபர் கோர்ட்டுக்குப் போனா பையன் காலேஜ் முடிச்சாலும் தீர்ப்பு வராது. எங்க சித்தப்பா கேஸ் அப்படித்தான் ஓடுச்சு.

நெறியாளர் | 8 செப்டம்பர்

முதல் பதிவில் நிறுவனத்தின் பெயர் இருந்தது, எடுத்துவிட்டேன். வழக்குக்குப் போகும் வாய்ப்புள்ள விஷயம். நிறுவனம், ஹெச்.ஆர்., மருத்துவர் என்று யார் பெயரும் இங்கே வேண்டாம். கடிதத்தின் போட்டோ போடுவதானால் பெயர்களை மறைத்துவிட்டுப் போடுங்கள்.

அம்பத்தூர்_பெருசு | 8 செப்டம்பர்

மலரம்மா, முதல்ல ஒண்ணு. எந்தப் பேப்பர்லயும் கையெழுத்துப் போடாதீங்க. ராஜினாமா, ‘முழு கணக்கும் பெற்றுக்கொண்டேன், இனி எந்த உரிமையும் கோரமாட்டேன்’, வெத்துப் பேப்பர், எதுலயும். முப்பது வருஷம் சங்கத்துல இருந்தவன் சொல்றேன். கம்பெனி 2 லட்சத்துக்கு வாங்கப் பார்த்தது அந்தக் கையெழுத்தைத்தான். டிஸ்சார்ஜ் லெட்டரை எதிர்த்து வழக்கு போடலாம். தானா எழுதிக் குடுத்த ராஜினாமாவை எதிர்த்து நின்னா, மிரட்டி வாங்கினாங்கன்னு நாமதான் நிரூபிக்கணும். மாட்டேன்னுட்டு வந்தாரே உங்க வீட்டுக்காரர், அதுலயே பாதி கேஸ் பிழைச்சுது.

ரெண்டாவது, இ.எஸ்.ஐ. சர்டிபிகேட்டுகளைக் கம்பெனியில குடுத்ததுக்கு என்ன அத்தாட்சி வச்சிருக்கீங்க? இதை ஏன் கேக்குறேன்னா, எங்க பக்கம் பெரம்பூர் பி அண்ட் சி மில் கேஸ் ஒண்ணு உச்ச நீதிமன்றம் வரைக்கும் போச்சு. 1960-கள்ல. லீவுல ஊருக்குப் போன தொழிலாளி நாள் கடந்து வந்தார். உடம்பு சரியில்லைன்னு இ.எஸ்.ஐ. சர்டிபிகேட் காட்டினார். மில் ஒத்துக்கல. ‘எட்டு நாள் சொல்லாம வரலைன்னா தானா வேலையை விட்டதா அர்த்தம்’னு ஸ்டாண்டிங் ஆர்டர்ல, அதாவது மில்லோட பணி விதிகள்ல, இருக்குன்னாங்க. இ.எஸ்.ஐ. சட்டத்தோட பாதுகாப்பு இந்த மாதிரி தானா முடியுற வேலைக்குப் பொருந்தாதுன்னு கோர்ட் மில்லு பக்கம் சொல்லிடுச்சு. அதனால சர்டிபிகேட் கையில இருந்தா மட்டும் போதாது. அது அவங்க கையில போய்ச் சேர்ந்ததுன்னு காட்டணும்.

நட்டு தம்பி, உங்க சித்தப்பா கேஸ் இழுத்தது உண்மையா இருக்கும். ஆனா லேபர் ஆபீஸ் சமரசப் பேச்சு மேஜையிலயே முடியுற கேஸும் நிறைய. அதெல்லாம் யாரும் கதையா சொல்றதில்லை.

ஹெச்ஆர்_பார்வை | 9 செப்டம்பர்

எதிர்த்தரப்பையும் யாராவது சொல்ல வேண்டுமே. நான் உற்பத்தித் துறையில் மனிதவளத்தில் இருப்பவன். (இந்த நிறுவனம் இல்லை.)

மோல்டிங் செக்‌ஷன் என்றால் சூடு, தூசு, பாரம். ஸ்டென்ட் வைத்த ஒருவரை அங்கே நிறுத்தி, ஷிஃப்ட்டில் அவருக்கு ஏதாவது ஆகிவிட்டால் வழக்கு ஃபேக்டரி மேனேஜர் மேல்தான் வரும். “லைட் ஒர்க் மட்டும்” என்று அவருடைய டாக்டரே எழுதியிருக்கிறார். தனியார் நிறுவனம் ஒருவருக்காகப் புதிதாக ஒரு வேலையை உருவாக்க வேண்டும் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. தொழில் தகராறு சட்டத்திலேயே, தொடர்ந்த உடல்நலக் குறைவுக்காக வேலையிலிருந்து விடுவிப்பது ஆட்குறைப்பு ஆகாது என்று இருக்கிறது. ஆகவே ஆட்குறைப்பு இழப்பீடும் கிடையாது. மேடம், வீண் நம்பிக்கை வைத்துக்கொள்ள வேண்டாம் என்பதற்காகத்தான் சொல்கிறேன்.

லேபர்கோர்ட்_வக்கீல் | 9 செப்டம்பர்

ஹெச்.ஆர். நண்பர் சொன்ன பிரிவு உண்மையானதே. பிரிவு 2(ஓஓ)(சி). ஆனால் அதில் இருக்கும் ‘தொடர்ந்த’ என்ற சொல்லை அவர் வேகமாகத் தாண்டிவிட்டார். அதற்குப் பிறகு வருகிறேன்.

மலர் மேடம், எனக்கு மூன்று விவரம் வேண்டும். இ.எஸ்.ஐ. சர்டிபிகேட் எந்தத் தேதி வரை? நோய்க்கால உதவித்தொகை எந்தத் தேதி வரை வங்கிக் கணக்கில் வந்தது? கம்பெனி கடிதத்தின் தேதியும், அது உங்கள் கைக்கு வந்த தேதியும் என்ன? தபால் உறையைத் தூக்கி எறிந்துவிடாதீர்கள்.

மலர்_கோவை | 9 செப்டம்பர்

சார், சர்டிபிகேட் ஆகஸ்ட் 10 வரைக்கும். பணமும் அதுவரைக்கும் வந்துருச்சு, பாஸ்புக்குல என்ட்ரி இருக்குது. லெட்டர் தேதி ஆகஸ்ட் 4. கைக்கு வந்தது 12. கவர் பத்திரமா இருக்குதுங்க, போஸ்ட் ஆபீஸ் முத்திரையோட.

பெருசு ஐயா கேட்டதுக்கு: சர்டிபிகேட் எல்லாத்தையும் இவரு சூப்பர்வைசருக்கு வாட்ஸ்அப்புல அனுப்பிட்டு, ஒரிஜினலை டைம் ஆபீஸ்ல குடுத்தாரு. டைம் ஆபீஸ்ல சீல் போட்டுத் தரலை. வாட்ஸ்அப்புல ‘ஓகே’ன்னு பதில் வந்தது இருக்குது.

லேபர்கோர்ட்_வக்கீல் | 9 செப்டம்பர்

அந்த வாட்ஸ்அப்பை இன்றே பேக்கப் எடுங்கள். போனை மாற்ற வேண்டாம்.

இனி விஷயம். மே 12 முதல் ஆகஸ்ட் 10 வரை எண்ணிப் பாருங்கள், 91 நாள் வரும். இ.எஸ்.ஐ.யில் சாதாரண நோய்க்கால உதவித்தொகைக்கு ஆண்டுக்கு உள்ள உச்சவரம்பும் அதே 91 நாள்தான். சராசரி தினக்கூலியில் 70 சதவீதம் கிடைக்கும். அந்தக் காலம் முடிவதற்குள் ஆகஸ்ட் 4-ம் தேதியிட்டு, அன்று முதலே வேலையில்லை என்று எழுதியிருக்கிறார்கள்.

இ.எஸ்.ஐ. சட்டம் பிரிவு 73 சொல்வது இதுதான்: நோய்க்கால உதவித்தொகை பெறும் காலத்தில் ஒரு தொழிலாளியை டிஸ்மிஸ் செய்யவோ, டிஸ்சார்ஜ் செய்யவோ, வேறு விதமாகத் தண்டிக்கவோ கூடாது. அந்தக் காலத்தில் கொடுக்கும் நோட்டீஸ் செல்லாது. மீறினால் பிரிவு 85-ன்கீழ் குற்றமும் ஆகும். உதவித்தொகை முடிந்த பிறகும் சிகிச்சை தொடர்ந்தால் என்ன என்பதற்கு இ.எஸ்.ஐ. விதிமுறைகளில் தனி ஏற்பாடு உண்டு. சாதாரண நோய்க்கு, பணி நிபந்தனைகள் இடம் கொடுத்தால், ஆறு மாதத் தொடர் சிகிச்சைக்குப் பிறகு முறையான நோட்டீஸ் கொடுத்து டிஸ்சார்ஜ் செய்யலாம். உங்கள் கணவர் விஷயத்தில் மூன்று மாதம்கூட முடியவில்லை.

பெருசு சொன்ன பி அண்ட் சி தீர்ப்பு சரியானது. ஆனால் அது தானாக வேலை முடிவதைப் பற்றியது. இங்கே கம்பெனியே கடிதம் எழுதி டிஸ்சார்ஜ் செய்திருக்கிறது. தவிர, ஸ்டாண்டிங் ஆர்டரில் தானாக முடியும் என்று எழுதியிருந்தாலும் விளக்கம் கேட்காமல் வெளியே அனுப்பக் கூடாது என்று 1993-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

நட்டு_திருப்பூர் | 9 செப்டம்பர்

ஓ, இதெல்லாம் இருக்கா. கம்பெனிக்காரன் ஒரு வாரம் பொறுத்து லெட்டர் போட்டிருந்தா?

லேபர்கோர்ட்_வக்கீல் | 9 செப்டம்பர்

போட்டிருந்தால் பிரிவு 73 வாதம் பலவீனமாகியிருக்கும். இரண்டாவது வாதம் அப்போதும் நிற்கும். ‘தொடர்ந்த உடல்நலக் குறைவு’ என்ற அந்தச் சொல்லுக்கு இப்போது வருகிறேன்.

ஒரு தொழிலாளியை, தண்டனையாக அல்லாமல், எந்தக் காரணத்துக்காக வெளியே அனுப்பினாலும் அது ஆட்குறைப்பு. அதற்குச் சில விலக்குகள் உண்டு, அதில் ஒன்று தொடர்ந்த உடல்நலக் குறைவு. விலக்கைக் காட்டித் தப்பிக்க நினைப்பவர்தான் அதை நிரூபிக்க வேண்டும். ஒரே ஒரு மாரடைப்பு, சிகிச்சை முடிந்துவிட்டது, திரும்பி வந்து கேட்டில் நிற்கிறார். இதில் ‘தொடர்ந்த’ என்பதற்கு என்ன ஆதாரம்? வருகைப் பதிவேட்டில் முந்தைய வருடங்களில் நீண்ட மெடிக்கல் லீவு இருக்கிறதா? இதயநோய் நிபுணர் அடங்கிய குழு பார்த்ததா? பி.பி. பார்த்து, ஈ.சி.ஜி. எடுத்தது மட்டும்தானா?

நிரூபிக்க முடியாவிட்டால் அது ஆட்குறைப்பு ஆகிவிடும். அப்போது அதே தொழில் தகராறு சட்டத்தின் பிரிவு 25எஃப் வருகிறது. ஒரு மாத நோட்டீஸ் அல்லது அதற்கான சம்பளம், முடித்த ஒவ்வொரு வருடத்துக்கும் 15 நாள் சராசரி சம்பளம். இதை வெளியே அனுப்பும் நேரத்திலேயே கொடுத்திருக்க வேண்டும். கொடுக்காமல் அனுப்பினால் உத்தரவே செல்லாது. பிறகு மீண்டும் வேலை, பின்சம்பளம் (வெளியே இருந்த காலத்துக்கான சம்பளம்) என்ற பேச்சு வரும். 2013-ல் உச்ச நீதிமன்றம் சொன்னபடி, தவறான பணிநீக்கம் ரத்தானால் முழுப் பின்சம்பளம்தான் பொதுவிதி. இடையில் வேறு எங்கும் சம்பாதிக்கவில்லை என்று தொழிலாளி முதலில் சொல்ல வேண்டும், அதை மறுத்து நிரூபிப்பது முதலாளியின் வேலை. நடைமுறையில் கோர்ட்டுகள் குறைத்துத்தான் கொடுக்கின்றன, அதையும் சொல்லிவிடுகிறேன்.

ஹெச்ஆர்_பார்வை | 10 செப்டம்பர்

தேதி விஷயத்தில் அந்த நிறுவனம் சொதப்பியிருக்கிறது, ஒப்புக்கொள்கிறேன். எங்கள் இடத்தில் இப்படி ஒரு கடிதம் நிறுவனத்தின் சட்டத் துறை பார்க்காமல் வெளியே போகாது. ஆனால் என் அடிப்படைக் கேள்வி நிற்கிறது. அவரைத் திரும்ப எடுத்தால் எங்கே உட்கார வைப்பது? மோல்டிங்கில் நிறுத்தினால் ஆபத்து. வேறு இடம் இல்லை என்றால்?

அம்பத்தூர்_பெருசு | 10 செப்டம்பர்

வேறு இடம் இல்லாத பவுண்டரியை நான் பார்த்ததே இல்லை தோழர். பேட்டர்ன் ஸ்டோர் இருக்கு, இன்ஸ்பெக்‌ஷன் மேஜை இருக்கு, டிஸ்பாட்ச்ல டேக் கட்டுற வேலை இருக்கு. 11 வருஷம் மோல்டிங் பார்த்தவனுக்குக் காஸ்டிங்ல ப்ளோ ஹோல் (காத்து ஓட்டை) எங்க வரும்னு இன்ஸ்பெக்டரை விட நல்லாத் தெரியும். இடம் இல்லைன்னு சொல்றது, அந்த இடத்துல கான்ட்ராக்ட் ஆளைக் குறைஞ்ச கூலிக்குப் போட்டிருக்கிறதால.

டாக்டர்_தொழில்நலம் | 10 செப்டம்பர்

தொழிற்சாலை மருத்துவராக இருந்தவன் என்ற முறையில் ஒரு வார்த்தை. இந்த ‘லைட் ஒர்க்’ என்ற எழுத்து எத்தனையோ பேர் வேலையைத் தின்றிருக்கிறது. எழுதும் மருத்துவர் நல்லெண்ணத்தில்தான் எழுதுகிறார். அவருக்குப் பவுண்டரி எப்படியிருக்கும் என்று தெரியாது. கம்பெனிக்கோ அந்த வரியை எப்படி வேண்டுமானாலும் வளைக்கலாம்.

மேடம், உங்கள் கார்டியாலஜிஸ்டிடம் மறுபடி போங்கள். கணவர் என்ன வேலை செய்தார், எத்தனை கிலோ தூக்கினார், எவ்வளவு நேரம் சூட்டின் அருகில் நின்றார், நைட் ஷிஃப்ட் உண்டா என்று ஒரு தாளில் எழுதிக் கொடுங்கள். எக்கோ, ட்ரெட்மில் டெஸ்ட் எடுத்து, அதன்மேல் தெளிவாக எழுதித் தரச் சொல்லுங்கள்: எவ்வளவு எடை வரை தூக்கலாம், எத்தனை மணி நேரம் நிற்கலாம், எத்தனை மாதம் கழித்து மறுபரிசோதனை, எந்த வேலைகளுக்குத் தடையே இல்லை. ‘லைட்’ என்ற சொல்லே அதில் வேண்டாம். இதயத்தின் பம்பிங் திறன் நன்றாக இருந்து, ட்ரெட்மில்லிலும் சிக்கல் இல்லை என்றால் ஸ்டென்ட் வைத்தவர்கள் உடலுழைப்பு வேலைக்கே திரும்புவதுண்டு. ஆனால் சூடு இதயத்துக்குத் தனிச்சுமை. பாரத்தோடு சூட்டையும் சேர்த்துத்தான் மதிப்பிட வேண்டும். இந்த ஒரு விஷயத்தில் ஹெச்.ஆர். நண்பரின் கவலையை நான் தள்ளிவிட மாட்டேன்.

பஸ்காரர்_மகன் | 11 செப்டம்பர்

எங்க அப்பா ஒரு அரசு நிறுவனத்துல டிரைவரா இருந்தார். கண் பார்வைக் குறைவுன்னு நிறுத்தி, ரொம்ப நாள் இழுத்து, அப்புறம் அதே சம்பளத்துல ஆபீஸ் வேலை குடுத்தாங்க. ஊனமுற்றோர் சட்டத்துல வாங்கினதா ஞாபகம். மலர் அக்காவுக்கு அது பொருந்தாதா?

இப்போ ஆகஸ்ட் 1-ந் தேதிகூட உச்ச நீதிமன்றம் தெலங்கானா பஸ் டிரைவர் ஒருத்தருக்கு இதே மாதிரி தீர்ப்பு சொல்லியிருக்கு. நிறக்குருடுன்னு சொல்லி அவரை வெளியே அனுப்பியிருந்தாங்க.

லேபர்கோர்ட்_வக்கீல் | 11 செப்டம்பர்

நல்ல கேள்வி. இங்கேதான் அரசு வேலைக்கும் தனியார் வேலைக்கும் பெரிய பள்ளம்.

2016-ம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம், பிரிவு 20(4). பணிக்காலத்தில் ஊனமுற்றவரை அரசு நிறுவனம் வேலையிலிருந்து நீக்கக் கூடாது, பதவியிறக்கமும் கூடாது. பழைய வேலைக்குத் தகுதியில்லை என்றால் அதே சம்பள விகிதத்தில் வேறு வேலை. வேறு வேலையும் இல்லையா, ஓய்வு வயது வரை உபரிப் பணியிடத்தில் வைத்துச் சம்பளம் தர வேண்டும். போக்குவரத்துக் கழகம், மின்வாரியம் மாதிரி அரசு கம்பெனிகளும் இதில் அடக்கம். பழைய 1995 சட்டத்தில் இது பிரிவு 47. பணியில் காலை இழந்த காவலர் ஒருவருக்கு 2003-ல் உச்ச நீதிமன்றம் அதன் அடிப்படையில்தான் வேலையைத் திருப்பிக் கொடுத்தது. மருத்துவ ஓய்வூதியம் வாங்கிவிட்டார் என்ற வாதம் எடுபடவில்லை.

இரண்டு தடை மலர் மேடத்துக்கு. ஒன்று, 20(4) அரசு நிறுவனத்துக்கு மட்டும். இரண்டு, சட்டத்தின் அட்டவணையில் உள்ள 21 வகை ஊனங்களில் இதயநோய் இல்லை. அதனால் இந்தச் சட்டத்தை நம்பி மனு போட வேண்டாம். அட்டவணையில் உள்ள ஊனம் இருந்து, வேலை செய்வது தனியாரில் என்றால், பிரிவு 3-ன் பாகுபாடு கூடாது என்ற பொதுவிதியை வைத்து மாற்றுத்திறனாளிகளுக்கான மாநில ஆணையரிடம் போகலாம். ஆனால் அவர் தருவது பரிந்துரைதான்.

நீங்கள் சொன்ன தெலங்கானா வழக்கு வேறு காரணத்தால் நமக்குப் பயன்படும். நிறக்குருடு அந்த அட்டவணையில் இல்லை. ஆனாலும் டிரைவர் ஜெயித்தார். நிறக்குருடு டிரைவர்களுக்கு மாற்று வேலை தருவதாக 1979-ல் சங்கத்தோடு நிர்வாகம் போட்ட ஒப்பந்தம் ஒன்று இருந்தது. அது இன்னும் கட்டுப்படுத்தும் என்றது கோர்ட். மாற்று வேலை இருக்கிறதா என்று தேடிப் பார்க்காமலே வெளியே அனுப்பியது தவறு என்றும் சொன்னது. வேலையும் 25 சதவீத நிலுவையும் கிடைத்தன. மலர் மேடம், உங்கள் கம்பெனியில் சங்கம் உண்டா? பழைய 12(3) ஒப்பந்தங்களில் (சமரச அதிகாரி முன்னிலையில் நிர்வாகமும் சங்கமும் போட்டவை) ‘உடல்நலமின்றி’, ‘மாற்றுப் பணி’ என்று ஏதாவது இருக்கிறதா என்று பார்க்கச் சொல்லுங்கள்.

இன்னும் பழசு ஒன்று: 1991-ல் ராஜஸ்தான் ரோடுவேஸ் டிரைவர்கள் வழக்கு. அது தொடர்ந்த உடல்நலக் குறைவுதான், ஆட்குறைப்பு இல்லை என்று கோர்ட் ஒப்புக்கொண்டது. ஆனாலும் வருடக்கணக்காகப் பஸ் ஓட்டியதில் கண் கெட்டவர்களை வெறுங்கையோடு அனுப்புவது அநியாயம் என்று சொல்லி, மாற்று வேலை கொடு, இல்லாவிட்டால் மீதமிருக்கும் பணிக்காலத்தைக் கணக்கிட்டுக் கூடுதல் தொகை கொடு என்று உத்தரவிட்டது. ஹெச்.ஆர். நண்பர் காட்டிய பிரிவுக்குள்ளேயே நின்று கிடைத்த நிவாரணம் இது.

ஐடி_தனிமரம் | 11 செப்டம்பர்

இடையில் புகுவதற்கு மன்னிக்கவும். சென்னையில் மென்பொருள் வேலை. எனக்கு கேன்சர், கீமோ முடிந்துவிட்டது. இ.எஸ்.ஐ. கிடையாது, சம்பளம் அதிகம். ‘பர்ஃபார்மன்ஸ்’ என்று சொல்லி மூன்று வாரம் முன்பு அனுப்பிவிட்டார்கள். எனக்கு ஏதாவது வழி?

லேபர்கோர்ட்_வக்கீல் | 11 செப்டம்பர்

உங்களுக்குத் தமிழ்நாடு கடைகள் நிறுவனங்கள் சட்டம், 1947, பிரிவு 41. ஆறு மாதத்துக்கு மேல் தொடர்ந்து வேலை செய்தவரை நியாயமான காரணமும் ஒரு மாத நோட்டீஸும் இல்லாமல் நிறுத்தக் கூடாது. மேல்முறையீடு தொழிலாளர் துறையில். காலக்கெடு 30 நாள், உங்களுக்கு ஏற்கெனவே பெரும்பகுதி போய்விட்டது. தனி இழை தொடங்கிக்கொண்டிருக்காமல் இந்த வாரமே ஒரு வக்கீலைப் பாருங்கள். கீமோவுக்கு முந்தைய பர்ஃபார்மன்ஸ் மதிப்பீட்டு மின்னஞ்சல்களை, லேப்டாப் போய்விட்டிருந்தாலும், எங்கிருந்தாவது திரட்டுங்கள்.

மலர்_கோவை | 12 செப்டம்பர்

எல்லாருக்கும் நன்றிங்க. சங்கம் முன்னாடி இருந்துதாம், இப்ப பேருக்குத்தான் இருக்குது. ஒப்பந்தத்தைத் தேடிப் பார்க்கச் சொல்லியிருக்கறேன்.

இப்ப முதல்ல எங்க போகோணும்? வக்கீலுக்குக் குடுக்கக் கையில காசு இல்லைங்க. அப்புறம், கம்பெனில இருந்து போன் பண்ணி, கிராஜுட்டி செக் ரெடியா இருக்குது, வந்து வாங்கிக்கோங்கன்னாங்க. வாங்குனா கேஸ் போயிருமோன்னு இவரு பயப்படறாரு.

அம்பத்தூர்_பெருசு | 12 செப்டம்பர்

வக்கீல் இல்லாமலே ஆரம்பிக்கலாம் அம்மா. லேபர் ஆபீஸ்ல 2ஏ மனு, அதாவது தனி ஆள் தன் வேலைநீக்கத்தை எதிர்த்துக் குடுக்குற மனு. வெள்ளைத் தாள்ல, தமிழ்லயே எழுதலாம். எப்போ சேர்ந்தார், என்ன வேலை, கடைசிச் சம்பளம், உடம்பு சரியில்லாம போன தேதி, லெட்டர் தேதி, என்ன கேக்குறோம். ‘தொடர்ச்சியான பணியோடும் பின்சம்பளத்தோடும் மீண்டும் வேலை’, இந்த வார்த்தை விடாம எழுதுங்க. இணைப்பா நகல் மட்டும் குடுங்க, ஒரிஜினல் யார் கையிலயும் குடுக்காதீங்க. கம்பெனிக்கும் ஒரு காப்பி ஸ்பீடு போஸ்ட்ல.

சமரச அதிகாரி ரெண்டு பக்கத்தையும் கூப்பிடுவார். மனு குடுத்து 45 நாள் ஆகியும் முடியலைன்னா நேரா லேபர் கோர்ட். யார் அனுமதியும் வேண்டாம். நம்ம மாநிலத்துல இந்த வழி 1988-லயே திருத்தமா வந்துடுச்சு, நாடு முழுக்கன்னு வந்தது 2010-லதான்.

லேபர் கோர்ட்ல சங்க நிர்வாகியே உங்களுக்காகப் பேசலாம். சொல்லப்போனா, அங்க வக்கீல் வரணும்னாதான் எதிர்த்தரப்பு சம்மதமும் கோர்ட் அனுமதியும் வேணும். ஊர்ல பெரிய மத்திய சங்கம் எதுக்காவது போய்ச் சொல்லுங்க. வக்கீலே வேணும்னா மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்க. தொழிலாளிக்கு இலவச சட்ட உதவி உண்டு.

லேபர்கோர்ட்_வக்கீல் | 12 செப்டம்பர்

கிராஜுட்டி வாங்கலாம். வாங்கும் ரசீதில் ‘எனது பணிநீக்கத்தை எதிர்க்கும் உரிமைக்குப் பாதகமின்றிப் பெற்றுக்கொள்கிறேன்’ என்று அவர் கைப்பட எழுத வேண்டும். அப்படி எழுத விடமாட்டோம் என்றால் வாங்காமல் வந்துவிடுங்கள். பிறகு தொழிலாளர் உதவி ஆணையரிடம் கிராஜுட்டி மனு போட்டு, வட்டியோடு வாங்கலாம். வேலை முடிந்து 30 நாளுக்குள் அவர்கள் கொடுத்திருக்க வேண்டிய பணம் அது.

கணக்கைச் சரிபாருங்கள். கடைசியாக வாங்கிய அடிப்படைச் சம்பளமும் டி.ஏ.வும் (பஞ்சப்படி) சேர்த்து, அதை 15-ஆல் பெருக்கி 26-ஆல் வகுத்து, வருடத்தால் பெருக்க வேண்டும். உதாரணமாக 18,200 ரூபாய் என்றால் வருடத்துக்கு 10,500. பதினோரு வருடத்துக்கு 1,15,500. அந்த ‘2 லட்சம்’ இதையும் சேர்த்தா, தனியா என்று ஜூலையில் யாராவது கேட்டீர்களா? பெரும்பாலும் சேர்த்துத்தான் இருக்கும்.

இதைப் படிக்கும் மற்றவர்களுக்கு ஒன்று. கிராஜுட்டிக்கு ஐந்து வருடம் வேண்டும் என்பார்கள். நோயாலோ விபத்தாலோ பழைய வேலையைச் செய்யும் திறன் போய், அதனால் வேலை முடிந்தால் அந்த ஐந்து வருட நிபந்தனை கிடையாது. மூன்று வருட சர்வீஸ்காரரை ‘அன்ஃபிட்’ என்று எழுதி அனுப்பிவிட்டு, ஐந்து வருடம் ஆகவில்லை, கிராஜுட்டி இல்லை என்று அதே கம்பெனி சொல்வதைப் பார்த்திருக்கிறேன். இரண்டில் ஒன்றைத்தான் அவர்கள் சொல்ல முடியும்.

ரகசியம்_வேண்டும் | 13 செப்டம்பர்

ஹெச்.ஐ.வி. பாசிட்டிவ் என்று தெரிந்து வேலையை விட்டு அனுப்பினால்?

லேபர்கோர்ட்_வக்கீல் | 13 செப்டம்பர்

அதற்குத் தனிச் சட்டமே உண்டு. 2017-ல் இயற்றி 2018 செப்டம்பரில் அமலுக்கு வந்தது. தனியாருக்கும் பொருந்தும். மற்றவர்களுக்குத் தொற்றும் கணிசமான ஆபத்து இருக்கிறது, அல்லது அவரால் வேலை செய்ய இயலாது என்று, தகுதியுள்ள, சார்பற்ற மருத்துவர் எழுத்தில் மதிப்பிட்டுச் சொல்லாமல் வேலையிலிருந்து நீக்க முடியாது. வேலைக்கு முன்நிபந்தனையாக அந்தப் பரிசோதனை கேட்கவும் கூடாது. இங்கே விவரம் எழுத வேண்டாம், தனிமடலில் வாருங்கள்.

மலர்_கோவை | 3 நவம்பர் 2025

ரொம்ப நாளாச்சுங்க. செப்டம்பர்லயே 2ஏ மனு குடுத்துட்டோம். முதல் ரெண்டு தடவை கம்பெனில இருந்து யாருமே வரலை. அதிகாரி கண்டிப்பா நோட்டீஸ் போட்ட பின்னாடி ஹெச்.ஆர்.உம் ஒரு வக்கீலும் வந்தாங்க. இ.எஸ்.ஐ. தேதியை அதிகாரி எடுத்துக் காமிச்சதும் அந்த வக்கீலு ஹெச்.ஆரைத் திரும்பிப் பார்த்தாரு பாருங்க!

கார்டியாலஜிஸ்ட் புதுசா எழுதிக் குடுத்துட்டாரு. 10 கிலோ வரைக்கும் தூக்கலாம், உலைப் பக்கம் வேண்டாம், ஆறு மாசம் நைட் ஷிஃப்ட் வேண்டாம், மத்தபடி எந்தத் தடையும் இல்லைன்னு.

இப்ப கம்பெனி சொல்றது: இன்ஸ்பெக்‌ஷன்ல போடறோம், ஆனா ‘புது அப்பாயின்ட்மென்ட்’, சம்பளம் ஆரம்பச் சம்பளம், பின்சம்பளம் இல்லை. இவரு போயிரலாம்ங்கறாரு. வீட்டுல சும்மா இருக்க முடியலைங்கறாரு. எனக்கு அந்தப் ‘புது’ங்கறது உறுத்துது.

அம்பத்தூர்_பெருசு | 3 நவம்பர்

உறுத்தணும் அம்மா. புது ஆளுன்னா 11 வருஷ சர்வீஸ் போச்சு, புரொபேஷன்னு சொல்லி ஆறு மாசத்துல மறுபடி அனுப்பலாம். இன்ஸ்பெக்‌ஷன் வரைக்கும் இறங்கி வந்துட்டாங்க, இனி பேசலாம்.

ஹெச்ஆர்_பார்வை | 4 நவம்பர்

நிர்வாகப் பக்கம் இருந்தே சொல்கிறேன், புது நியமனம் என்பது தொடக்கப் பேரம்தான். சர்வீஸ் தொடர்ச்சிக்கு அவர்கள் இறங்குவார்கள், ஏனென்றால் அதற்கு இன்று பணச்செலவு இல்லை. பின்சம்பளத்தில்தான் கடினமாக இருப்பார்கள். எது உங்களுக்கு முக்கியம் என்று வீட்டில் பேசி முடிவு செய்துவிட்டுப் போங்கள்.

லேபர்கோர்ட்_வக்கீல் | 4 நவம்பர்

ஹெச்.ஆர். சொல்வதை வழிமொழிகிறேன்.

வெளியில் பேசி வெறும் தாளில் எழுதாமல், சமரச அதிகாரி முன்னிலையில் 12(3) ஒப்பந்தமாகவே போடுங்கள். அதில் இருக்க வேண்டியவை: ஆகஸ்ட் 4 கடிதம் திரும்பப் பெறப்படுகிறது. பணி 2014-ல் சேர்ந்த நாளிலிருந்து தொடர்ச்சி, இடைப்பட்ட காலம் கிராஜுட்டி, விடுப்பு இரண்டுக்கும் கணக்கில் சேரும். கடைசியாக வாங்கிய அடிப்படைச் சம்பளம், டி.ஏ. குறையாது. நைட் ஷிஃப்ட் அலவன்ஸ் மாதிரி அந்த வேலையோடு ஒட்டியவை போகலாம், அதில் பிடிவாதம் வேண்டாம். மருத்துவ மறுபரிசோதனை தேவைப்பட்டால் கம்பெனி டாக்டர் மட்டும் முடிவு செய்யக் கூடாது, இ.எஸ்.ஐ. மருத்துவமனையின் நிபுணரிடம் அனுப்ப வேண்டும். பின்சம்பளத்தில் பாதி கேளுங்கள், மூன்றில் ஒரு பங்கு வரை இறங்கலாம். செக் ஏற்கெனவே வாங்கியிருந்தால் அந்தக் கிராஜுட்டித் தொகையை எப்படிச் சரிசெய்வது என்பதும் எழுத்தில் வரட்டும்.

மலர்_கோவை | 4 நவம்பர்

செக் வாங்கலைங்க. பாதகமின்றின்னு எழுத விடலை, திரும்பி வந்துட்டோம். இதையெல்லாம் தாள்ல எழுதிட்டுப் போறேன். அடுத்த வாய்தா 12-ந் தேதி.

நட்டு_திருப்பூர் | 15 நவம்பர்

அக்கா, 12-ந் தேதி என்னாச்சு?

மலர்_கோவை | 16 நவம்பர்

கையெழுத்தாயிருச்சுங்க. சர்வீஸ் தொடர்ச்சி உண்டு, பழைய பேசிக்கே. பின்சம்பளம் கால் பங்குதான் ஒத்துக்கிட்டாங்க. நாளைக்கு டே ஷிஃப்ட், இன்ஸ்பெக்‌ஷன்.

பஸ்காரர்_மகன் | 9 ஜனவரி 2026

இழையை மேலே கொண்டுவருகிறேன். நவம்பர் 21-லிருந்து புதுத் தொழிலாளர் சட்டத் தொகுப்புகள் வந்துடுச்சே, இங்க சொன்ன 2ஏ, 25எஃப் எல்லாம் இனிச் செல்லுமா? என் நண்பனுக்கு இதே பிரச்சினை, டிசம்பர்ல நிறுத்தியிருக்காங்க.

லேபர்கோர்ட்_வக்கீல் | 10 ஜனவரி

பிரிவு எண்கள் மாறிவிட்டன. தொழில் தகராறு சட்டத்தின் இடத்தில் இப்போது தொழில் உறவுகள் தொகுப்பு. தனி ஆளின் பணிநீக்கத்தைத் தொழில் தகராறாகக் கருதுவது அதிலும் தொடர்கிறது. கவனிக்க வேண்டியது காலக்கெடு. முன்பு கோர்ட்டுக்குப் போக மூன்று வருடம் இருந்தது. இப்போது தகராறு எழுந்து இரண்டு வருடம் கடந்தால் சமரச அதிகாரி விசாரணையே எடுக்க முடியாது. சமரச அறிக்கை கைக்கு வந்தபின் தீர்ப்பாயத்துக்குப் போக 90 நாள். உங்கள் நண்பரைப் பொங்கல் கழியட்டும் என்று காத்திருக்க விடாதீர்கள். அவருக்கு இ.எஸ்.ஐ. உண்டா? கடிதத்தின் தேதி என்ன?